இட்டேரிக்காத்து: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பல்லடத்துக்குத் தெற்கே ஒரு தோட்டம். ஆடி மாதம். அங்கே ஒரு இட்டேரிக்குள், அதாவது தோட்டங்களுக்கு நடுவே போகிற வேலிப் பாதைக்குள், வீசும் காற்று, நம் காலத்தையும் நடக்காமல் போன இன்னொரு காலத்தையும் கொஞ்ச நேரத்துக்கு ஒட்ட வைத்துவிடுகிறது. இதை வைத்துத்தான் சில வருடங்களாகக் கதைகள் எழுதிக்கொண்டிருக்கிறேன். படித்தவர்கள் நேரிலும் போனிலும் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகளுக்கு இங்கே ஒட்டுக்காப் பதில் சொல்லிவிடுகிறேன். கதைகளைப் படிக்காதவர்களுக்கும் புரியும்.

இட்டேரிக்காத்து என்றால் என்ன, சுருக்கமா சொல்லுங்க.

வைகாசி கடைசியில் தொடங்கி ஆவணி வரைக்கும் எங்கள் பக்கம் காற்று மேற்கிலிருந்து கிழக்கே அடிக்கும். தென்னை, பனை, வேம்பு எல்லாம் ஒரே பக்கமாகச் சாய்ந்துகொண்டு நிற்கும். கதையில், அப்படி ஓங்கி அடிக்கிற ஒரு நாளில், இரண்டு பக்கமும் உயிர்வேலி இருக்கிற இட்டேரிக்குள் மட்டும் லேசான பொருட்கள் எதிர்த்திசையில், கிழக்கிலிருந்து மேற்கே, நகரத் தொடங்கும். வெளியே மரம் கிழக்கே ஆடும், உள்ளே சருகு மேற்கே போகும். அந்தக் காற்று நம்முடையது இல்லை. அதே இடத்தில் யாரோ வேறு மாதிரி ஒரு முடிவு எடுத்து, அதன்படியே நடந்து வந்த இன்னொரு காலக்கோட்டின் காற்று. ஒரு சொம்புத் தண்ணீர் குடித்து முடிக்கிற நேரம் இருக்கும், போய்விடும்.

இட்டேரின்னா என்னங்க? எங்க ஊர்ல அந்த வார்த்தையே இல்லை.

இது தஞ்சாவூர், மதுரைப் பக்கத்து நண்பர்கள் எல்லோரும் கேட்பது. ஒரு தோட்டத்துக்கும் அடுத்த தோட்டத்துக்கும் நடுவில், மாட்டு வண்டி போகிற அகலத்தில் விட்டிருக்கும் பாதைதான் இட்டேரி. இரண்டு பக்கமும் கிளுவை வேலி. கிளுவை முள்ளுக்கு நடுவே கள்ளி, வேலி மேலே பிரண்டையும் கோவைக்கொடியும் ஏறிக் கிடக்கும், ஆங்காங்கே ஆவாரை, நொச்சி, ஒரு வேம்பு. கௌதாரி, கீரி, உடும்பு, பாம்பு எல்லாவற்றுக்கும் அதுதான் வீடு. பங்காளிகள் கோர்ட்டில் வழக்கு நடத்திக்கொண்டிருந்தாலும் இட்டேரியில் எதிர்ப்பட்டால் ஒருவர் ஒதுங்கித்தான் ஆகவேண்டும், அவ்வளவுதான் அகலம்.

வெயில் காலத்தில் ரோட்டிலிருந்து இட்டேரிக்குள் கால் வைத்தவுடன் ஒரு குளுமை வரும், பச்சைக் கிளுவை வாசமும் காய்ந்த சாணி வாசமும் கலந்து. அதை அனுபவித்தவர்களுக்கு இந்தக் கதையை விளக்கவே வேண்டியதில்லை.

ஏன் இட்டேரியைத் தேர்ந்தெடுத்தேன் என்றால், இணைக் காலக்கோடுகள் என்ற விசயத்தை யோசிக்கும்போது எனக்குத் தோன்றிய படமே அதுதான். பக்கத்துப் பக்கத்தில் இரண்டு தோட்டம். ஒரே மண், ஒரே மழை. ஒன்றில் தக்காளி, ஒன்றில் கரடு. நடுவில் இரண்டு பேருக்கும் பாத்தியமில்லாத, இரண்டு பேரும் நடக்கிற ஒரு சந்து.

இது உண்மையிலேயே நடக்கிற விசயமா? இல்ல கிராமத்து நம்பிக்கையா?

இரண்டும் இல்லை, என் கற்பனை. எங்கள் ஊர்ப் பெரியவர்கள் யாரும் இப்படி ஒரு நம்பிக்கை சொல்லி நான் கேட்டதில்லை, அப்படிச் சொன்னதாக எங்கேயும் எழுதவும் மாட்டேன். ஊர் பேரில் பொய்யாக ஒரு வழக்கத்தை ஏற்றிவிடுவது தப்பு என்று நினைக்கிறேன்.

ஆனால் காற்று உண்மை. மேற்குத் தொடர்ச்சி மலை கன்னியாகுமரியிலிருந்து வடக்கே சுவர் மாதிரி போகிறது. அதில் பெரிய இடைவெளி ஒன்றுதான், பாலக்காட்டுக் கணவாய். வடக்கே நீலகிரி, தெற்கே ஆனைமலை. நீலகிரியில் தொட்டபெட்டா 2,637 மீட்டர், தெற்கே ஆனைமுடி 2,695 மீட்டர். நடுவில் சுமார் 30 கிலோமீட்டர் அகலத்துக்கு மலையே இல்லை. அரபிக்கடலிலிருந்து வருகிற தென்மேற்குப் பருவக்காற்று இந்த வாசலில் நெருக்கிக்கொண்டு நுழைகிறது. அகலமான வாய்க்கால் குறுகுகிற இடத்தில் தண்ணீர் வேகமெடுக்கும் இல்லையா, அதே கணக்குத்தான். மழையை மலைக்கு மேற்கிலேயே இறக்கிவிட்டு வெறும் வேகத்தோடு கோவை, பொள்ளாச்சி, உடுமலை, பல்லடம் என்று வந்து அடிக்கும். ஆடிக்காற்றில் அம்மியும் பறக்கும் என்று தமிழ்நாடு முழுக்கச் சொல்கிறார்கள், ஆனால் ஆடி மாதம் உடுமலை ரோட்டில் டூவீலர் ஓட்டியவர்கள் அதை வேறு மாதிரி சொல்வார்கள்.

மலையில் எத்தனையோ இடம் இருக்க, ஏன் அந்தக் கணவாய்? காற்றுக்காக மட்டுமா?

காற்று பாதிக் காரணம். மீதிக் காரணம் ஒரு பறவை.

மலை உச்சிச் சோலைக்காடுகளில் வாழ்கிற நீல நிறச் சின்னப் பறவை ஒன்று இருக்கிறது. கணவாய்க்கு வடக்கே நீலகிரிப் பக்கம் இருப்பது ஒரு இனம், வயிற்றோரம் செம்பழுப்பு. தெற்கே ஆனைமலை, பழனி மலைப் பக்கம் இருப்பது இன்னொரு இனம், வயிறு வெள்ளை. இரண்டுக்கும் பாட்டன் ஒருவரே. உச்சிக் குளிரை விட்டுக் கீழே இறங்கி இந்த வெயில் சமவெளியைத் தாண்ட முடியாமல், அந்தப் பக்கம் நின்றது அப்படியே ஆனது, இந்தப் பக்கம் நின்றது இப்படியே ஆனது. பறவை மட்டும் இல்லை, கணவாய்க்கு வடக்கே இருக்கும் யானைகளுக்கும் தெற்கே இருக்கும் யானைகளுக்கும் மரபணுவிலேயே வேறுபாடு இருக்கிறது என்று ஆராய்ச்சியாளர்கள் காட்டியிருக்கிறார்கள்.

இதைப் படித்த அன்றைக்கு ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. ஒரே தொடக்கம், நடுவில் ஒரு இடைவெளி, இரண்டு வரலாறு. நான் கற்பனையில் தேடிக்கொண்டிருந்ததை இயற்கை எங்கள் ஊருக்கு மேற்கே ஏற்கெனவே செய்து வைத்திருக்கிறது, அதுவும் இறகு வைத்து.

இட்டேரிக்காத்து வந்ததை எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள்?

முதல் கதையில் அம்மாயிதான், அதாவது பாட்டிதான், கண்டுபிடிப்பார். ஆடிப்பட்டத்துக்கு விதைக்கடலை உரிக்கிற காலம். இயந்திரத்தில் உடைத்தால் பருப்பு அடிபட்டு முளைப்பு கெடும் என்று கையால்தான் உரிப்பார்கள், கட்டைவிரல் நகம் நொந்துபோகும். உரித்ததை முறத்தில் அள்ளி, இட்டேரி வாயில் மேற்கே முதுகு காட்டி நின்று தூற்றினால், பருப்பு நேராகக் கீழே விழும், பொட்டு, அதாவது கடலைத் தோல், காற்றோடு முன்னால் பறந்து போகும். ஐம்பது வருடமாக அம்மாயி அப்படித்தான் தூற்றுகிறார். அன்றைக்கு முந்தானை முன்னால் பறக்கிறது, நெற்றி முடி முன்னால் பறக்கிறது, பொட்டு மட்டும் திரும்பி வந்து அவர் பாதத்தில் குவிகிறது.

அவர் பயப்பட மாட்டார். முறத்தைக் கீழே வைத்துவிட்டு, ஒரு பொட்டை எடுத்துக் கையில் வைத்துப் பார்ப்பார். அந்தப் பொட்டுக்குள் மூன்று பருப்புக் குழி இருக்கும். அந்த வருடம் அவர்கள் தோட்டத்தில் போட்டது இரண்டு பருப்பு ரகம்.

இதற்கு மேல் அறிகுறி எதுவும் வைக்கவில்லை. வானம் நிறம் மாறுவது, வெளிச்சம் வருவது, இதெல்லாம் வேண்டாம் என்று முதலிலேயே முடிவு செய்துகொண்டேன்.

ஆள் அந்தப் பக்கம் போகலாமா?

முடியாது. முறத்தில் தூற்றினால் பறக்கிற எடைதான் தாண்டும்: வாசம், சத்தம், தூசி, எருக்கம்பஞ்சு, இலவம்பஞ்சு, கடலைப் பொட்டு, சில விதை. பருப்பு தாண்டாது, பொட்டு தாண்டும். அவ்வளவுதான் சட்டம். நிறைய பேர் ஒரு தடவையாவது ஒரு குழந்தையை அனுப்பிப் பார்க்கக் கூடாதா என்று கேட்டுவிட்டார்கள். ஆள் போகிற மாதிரி வைத்தால் அது பயணக்கதை ஆகிவிடும். எனக்கு வேண்டியது, இந்தப் பக்கமே நின்றுகொண்டு முகர்ந்து பார்க்கிற ஆட்கள்.

மறுபக்கம் ஒன்றா, பலவா? குவாண்டம் இயற்பியலோடு இதற்குச் சம்பந்தம் உண்டா?

பல. 1957-ல் ஹியூ எவரெட் என்ற அமெரிக்க இயற்பியலாளர் முன்வைத்த கருத்து ஒன்று இருக்கிறது. குவாண்டம் அளவில் ஒரு அளவீட்டுக்குப் பல விளைவு சாத்தியம் என்றால், அதில் ஒன்று மட்டும் நடந்து மற்றவை மறைந்து போவதாக நினைக்க வேண்டியதில்லை, எல்லாமே நடக்கின்றன, ஒவ்வொன்றும் தனித்தனிக் கிளையில், என்பதுதான் அதன் சாரம். பின்னால் இதற்குப் பல உலகக் கோட்பாடு என்று பெயர் வந்தது. எல்லா இயற்பியலாளர்களும் ஒப்புக்கொண்டது இல்லை, இன்றைக்கும் வாதம் நடக்கிறது.

ஒரு விசயத்தை நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன். அந்தக் கோட்பாட்டின்படியே பார்த்தாலும் பிரிந்த கிளைகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ள வழி இல்லை. சுற்றுப்புறத்தோடு கலந்துபோன பிறகு மறுபடி சேராது, மோரில் விட்ட உப்பு மாதிரி. என் கதையில் காற்று பேசுகிறது, அது நான் எடுத்துக்கொண்ட உரிமை. அறிவியலின் பேரில் அதை நியாயப்படுத்தப் பார்க்க மாட்டேன்.

கதைக்குள் இருக்கும் கணக்கு எளிது. எந்த இட்டேரியோ, அந்த இடத்தில் எடுத்த முடிவு திரும்பியிருந்தால் என்ன ஆகியிருக்குமோ, அந்தக் காலக்கோட்டுக்குத்தான் அது திறக்கும். பல்லடத்து இட்டேரி கிணற்றைப் பற்றிப் பேசும். நொய்யல் கரை இட்டேரி ஆற்றைப் பற்றிப் பேசும்.

நொய்யல் கதையை ஏன் அவ்வளவு நீளமாக எழுதினீர்கள்?

இன்னும் நீளமாக எழுதியிருக்க வேண்டும்.

வெள்ளியங்கிரி மலையில் பிறந்து, பேரூர், கோவை, திருப்பூர் வழியாக ஓடி, கரூர் மாவட்டத்தில் நொய்யல் என்ற பேரிலேயே இருக்கும் ஊரில் காவிரியில் சேருகிற ஆறு. அதன் கரையில் கொடுமணல் இருக்கிறது. இரும்பு உருக்கிய உலைகளும், மணிக்கற்களும், தமிழி எழுத்துப் பொறித்த பானை ஓடுகளும் தோண்டி எடுத்த இடம். பதிற்றுப்பத்து கொடுமணம் என்று சொல்வது இந்த ஊரைத்தான் என்பது ஆய்வாளர்கள் கருத்து. மேற்குக் கடற்கரை முசிறியிலிருந்து கணவாய் வழியாகக் கரூருக்குப் போன வணிகர்கள் இந்த ஆற்றை ஒட்டித்தான் நடந்திருக்கிறார்கள். ரோமானிய நாணயம் வெள்ளலூரில் கிடைத்தது சும்மா இல்லை.

அப்புறம் நம் காலம். திருப்பூரில் பனியன் தொழில் வளர்ந்தது, சாயப்பட்டறைகள் பெருகின, சாயத்தண்ணீர் ஆற்றில் இறங்கியது. பாசனத்துக்காக 1992-ல் கட்டிய ஒரத்துப்பாளையம் அணையில் சாயக்கழிவுதான் தேங்கியது. எந்த விவசாயிகளுக்காகக் கட்டினார்களோ அதே விவசாயிகள் தண்ணீரைத் திறக்காதே என்று போராடினார்கள். உலகத்தில் எத்தனை அணைக்கு அப்படி ஒரு கதி வந்திருக்கும்? 2011 ஜனவரியில், கழிவு ஒரு சொட்டும் வெளியே போகாத ஏற்பாடு செய்யாத சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி உயர்நீதிமன்றம் உத்தரவு போட்டது.

கதையில் நடப்பது இவ்வளவுதான்: திருப்பூருக்குக் கிழக்கே ஆற்றோரத்தில் ஒரு இட்டேரி. சாயப்பட்டறையில் முப்பது வருடம் வேலை பார்த்து, நகக்கண்ணில் நீலம் போகாத ஒரு மாமா அங்கே மாடு ஓட்டிக்கொண்டு போகிறார். காற்று திரும்புகிறது. ஆற்று வாசம் வருகிறது. ஈர மணலும், அழுகின கோரையும், மீனும் சேர்ந்த வாசம். மாடு முதலில் நிற்கிறது. மூக்கை உயர்த்துகிறது. அவர் சின்ன வயதில் அந்த ஆற்றில் குளித்தவர். நின்றுகொண்டே, வாயில் இருந்த வெற்றிலையைத் துப்பிவிட்டு, வாயைக் கொப்பளித்து, மறுபடி முகர்கிறார். வெற்றிலை வாசம் அதைக் கெடுத்துவிடக் கூடாது என்று.

அதோடு கதையை நிறுத்தவில்லை. ராத்திரி சாப்பிடும்போது அவர் மகள் கேட்கிறாள், அந்தப் பக்கம் ஆறு நல்லா இருக்குதுன்னா பனியன் கம்பெனி இல்லைதானுங்கப்பா, அப்ப நான் என்ன படிச்சிருப்பேன் என்று. அவள் படிப்புக்குக் கட்டிய பணம் முழுக்கச் சாயப்பட்டறைக் கூலி. அவருக்குப் பதில் தெரியவில்லை. எனக்கும் தெரியாததால்தான் கதை நீண்டுபோனது.

அப்போ மறுபக்கம் எல்லாமே நல்லதா? ஏக்கக் கதைதானா இது?

இல்லை. பவானிசாகர் கதையைப் படித்துவிட்டுப் பேசுங்கள்.

பவானி ஆற்றில் 1955-ல் கட்டி முடித்த பவானிசாகர் அணைக்கு அடியில் டணாய்க்கன்கோட்டை மூழ்கிக் கிடக்கிறது. போசளர் காலத்துத் தண்டநாயகர்களின் கோட்டை, அதற்குள் மாதவராயப் பெருமாள் கோயில். வறட்சியில் நீர்மட்டம் நன்றாக இறங்கினால் கோயில் கற்கள் வெளியே தெரியும், ஜனங்கள் சேற்றில் நடந்து பார்க்கப் போவார்கள். கற்பனை எதுவும் சேர்க்காமலே அது ஒரு காலக்கோடு எட்டிப் பார்க்கிற மாதிரிதான்.

அந்தக் கரையில் இட்டேரிக்காத்து வந்தால் அணை கட்டாத காலக்கோடு வரும். கோயில் மணிச் சத்தம் கேட்கும், கோட்டைக்குள் இருந்த ஊர்களின் அடுப்புப் புகை வரும். இடம்பெயர்ந்து போன குடும்பத்து ஆத்தா ஒருவர் அதைக் கேட்டு அழுகிறார். சரி. ஆனால் அதே காலக்கோட்டில் கீழ்பவானி வாய்க்கால் இல்லை. 200 கிலோமீட்டர் ஓடி, ஈரோடு, திருப்பூர், கரூர் மாவட்டங்களில் 2,07,000 ஏக்கருக்குப் பாய்கிற வாய்க்கால் அது. வாய்க்காலின் கடைமடைப் பக்கத்து இட்டேரியில் அதே நேரத்தில் நிற்கிற ஒரு பையனுக்கு வருவது வெறும் புழுதி, கொளுத்துகிற புழுதி. அவன் நின்றுகொண்டிருக்கும் நெல் வயல் அந்தப் பக்கம் இல்லை.

ஆத்தாவிடம் போய் உங்கள் ஊர் மூழ்கியது நல்லதுக்குத்தான் என்று சொல்ல எனக்கு வாய் வராது. பையனிடம் போய் உன் வயல் பாவப்பட்ட வயல் என்றும் சொல்ல முடியாது. இரண்டு பேரையும் ஒரே கதையில் வைத்தேன், அவர்கள் சந்திக்கவில்லை.

தீரன் சின்னமலை ஜெயித்த காலக்கோட்டை எப்போது எழுதுவீர்கள்?

மிக அதிகமாகக் கேட்கப்படும் கேள்வி, அதிலும் ஆடிப்பெருக்கு வந்தால். 1805-ல் சங்ககிரியில் அவரைத் தூக்கிலிட்டார்கள். அந்த முடிவு மாறியிருந்தால் என்று யோசிக்க எனக்கும் ஆசைதான், சின்ன வயதில் கேட்டு வளர்ந்த கதை. ஆனால் ராஜா ஜெயித்தால் என்ன ஆகியிருக்கும் என்று எல்லோரும் யோசிக்கிறார்கள். எழுபதுகளில் ஒரு குடியானவர் கவலையை, அதாவது மாடு கட்டிக் கிணற்றுத் தண்ணீர் இறைப்பதை, நிறுத்திவிட்டு மோட்டார் வைத்தாரே, அது மாறியிருந்தால் என்று யாரும் யோசிப்பதில்லை. ஊர் ஊராக, கிணறு கிணறாக எடுத்த அந்த முடிவுகள்தான் இந்த நாட்டை இன்றைக்கு இருக்கிற மாதிரி ஆக்கின. அதனால் நான் கிணற்றடியிலேயே நிற்கிறேன்.

அந்தப் பக்கத்தில் இருப்பவர்களுக்கு நம்மைத் தெரியுமா?

இந்தக் கேள்வியைக் கேட்டவருக்கு நன்றி சொல்ல வேண்டும், இதிலிருந்து ஒரு கதையே வந்தது.

மார்கழி, தையில் காற்று திரும்பும். கிழக்கிலிருந்து கணவாய் வழியாகப் பாலக்காட்டுப் பக்கம் வறண்ட காற்று போகும், இது உண்மையில் நடப்பது. அதனால் கதையில், ஆடியில் அங்கிருந்து இங்கே வரும், மார்கழியில் இங்கிருந்து அங்கே போகும் என்று வைத்துக்கொண்டேன்.

அங்கே கவலை இன்னும் ஓடுகிறது. விடிகாலை நாலு மணி, பனி. மாடு சரிவில் இறங்க, வடக்கயிறு இறுகி, உருளை கிரீச்சென்று ஒரே சுருதியில் கத்த, சால் நிறையத் தண்ணீர் மேலே வந்து தொட்டியில் கொட்டுகிறது. மாடு பின்னால் ஏறி வருகிற நேரம் மட்டும் கொஞ்சம் அமைதி. அந்த அமைதியில் அப்புச்சிக்கு, அதாவது தாத்தாவுக்கு, ஒரு சத்தம் கேட்கிறது. உறுமுகிற மாதிரி, கல்லை மெல்லுகிற மாதிரி, நிற்காத சத்தம். ராத்திரி முழுக்கக் கேட்டது என்கிறார் பக்கத்துத் தோட்டத்துக்காரர். வெள்ளைப் பொடி ஒன்று கிளுவை இலை மேலெல்லாம் படிந்திருக்கிறது. தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தால் உப்பும் இல்லை, சுண்ணாம்பும் இல்லை. கல்மாவு.

போர் வண்டி. நம் பக்கத்தில் ஆயிரம் அடிக்கு மேல் ஆழ்துளைக் கிணறு தோண்டிக்கொண்டிருக்கிற போர் வண்டி. இந்தியாவில் எந்த மாநிலத்துக்குப் போனாலும் திருச்செங்கோட்டு எண் பலகை வைத்த போர் வண்டியைப் பார்க்கலாம், அது நம் ஆட்களின் உழைப்பு, அதில் எனக்குப் பெருமையும் உண்டு. ஆனால் அந்த அப்புச்சி பேரனைக் கூப்பிட்டு, "ஏங் கண்ணு, அந்தப் பக்கத்துல இருக்கறவிய என்னத்தத் தேடி இப்படித் தோண்டறாங்க?" என்று கேட்கிறார். அவர் கிணற்றில் அறுபது அடியில் தண்ணீர் இருக்கிறது. அதே கிணறு, நம் பக்கம், அடியில் பாறையும் நாலு பிளாஸ்டிக் பையும்.

பேரனும் அந்தப் பக்கம் சுகவாசி இல்லை. அவன் பள்ளிக்கூடம் போகவில்லை, நாலு மணிக்கு எழுந்து மாடு ஓட்டுகிறான். அதையும் எழுதியிருக்கிறேன்.

காற்றாலைகள் இட்டேரிக்காத்தைத் தடுக்குமா?

தடுக்காது. காற்றாலை இறக்கை சுழல்கிற உயரம் வேறு, இட்டேரி தரையோடு. சீசனில் எல்லாக் காற்றாலையும் மேற்கே பார்த்துக்கொண்டு நிற்கும், உச்சியில் இருக்கிற காற்றுத்திசை காட்டி சொல்கிறபடி தலை தானாகவே திரும்பும். ஒரு கதையில் மட்டும் ஒரே ஒரு காற்றாலை அரை நிமிடம் கிழக்கே திரும்பிப் பார்க்கும். அதைக் காவலுக்கு இருந்தவர் மட்டும் பார்ப்பார், கம்பெனியில் சொல்ல மாட்டார்.

செத்துப் போனவங்க அந்தப் பக்கம் உயிரோட இருப்பாங்களா?

இதைக் கேட்கிறவர்கள் கதைக்காகக் கேட்பதில்லை என்று எனக்குத் தெரியும். ஒருவர் தன் தம்பியைப் பற்றிச் சொல்லிவிட்டுக் கேட்டார். அவருக்குச் சொன்னதையே சொல்கிறேன்.

கதையின் கணக்குப்படி, இருப்பார்கள். சிலர். எந்த முடிவு அவர்களைக் கொண்டுபோனதோ அது மாறிய காலக்கோட்டில். ஆனால் குரல் தாண்டுமே தவிர, கேள்வி தாண்டாது. ஆடியில் அவர்கள் பேசுவது நமக்குக் கேட்கும், நாம் அப்போது திருப்பிச் சொல்வது போகாது, மார்கழிக்குக் காத்திருக்க வேண்டும். மார்கழியில் நாம் சொல்கிற நேரத்தில் அவர்கள் இட்டேரியில் இருக்க வேண்டும்.

ஒரு கதையில், மகனைக் கிணற்றில் பறிகொடுத்த ஒரு அம்மா இருக்கிறார். ஆடியில் ஒரு நாள் இட்டேரியில் அவன் குரல் கேட்கிறது. இருபது வருடம் கூடிய, முரடான, கல்யாணமான ஒருவனின் குரல். அவன் யாரிடமோ, "ஏனுங் மாமா, தண்ணி உங்க காட்டுக்குப் பாஞ்சிருச்சுங்களா?" என்று கேட்கிறான். அவ்வளவுதான் வருகிறது. அம்மா அதற்கு அப்புறம் மார்கழி பூரா விடிகாலையில் இட்டேரி வாயில் கோலம் போடுகிறார். கோலப்பொடி லேசானது, பறக்கும்.

வசனம் கொங்குத் தமிழில் இருப்பதால் கஷ்டமாக இருக்கிறது. மாற்றக் கூடாதா?

மாற்ற மாட்டேன். இரண்டு காலக்கோட்டுக்கும் பொதுவாக மிஞ்சுவது பேச்சுத்தான். அந்தப் பக்கத்து மனிதர் நம் ஆள்தான் என்பதற்கு அந்த "ஏனுங்"கைத் தவிர வேறு என்ன அடையாளம் இருக்கிறது? ஒறம்பரை என்றால் விருந்தாளி, நோம்பி என்றால் திருவிழா, சாளை என்றால் தோட்டத்து வீடு. இந்த மூன்றைத் தெரிந்துகொண்டால் முக்கால்வாசி ஓடிவிடும்.

இதை வைத்து நாங்களும் எழுதலாமா?

தாராளமாக. உங்கள் ஊர்க் காற்று, உங்கள் ஊர்ச் சந்து எது என்று பார்த்து எழுதுங்கள். சட்டம் ஒன்றை மட்டும் காப்பாற்றுங்கள்: பருப்பு தாண்டக் கூடாது.

இட்டேரியை அடைத்துவிட்டால் என்ன ஆகும்?

காற்று வராது. கம்பிவேலிக்கு நடுவிலும் வராது, இரண்டு பக்கமும் உயிர் இருக்க வேண்டும் என்று முதல் கதையிலேயே எழுதிவிட்டேன்.

கதைக்கு வெளியே சொல்கிறேன். எங்கள் சித்தப்பா தோட்டத்துக்குப் போகும் இட்டேரி இப்போது பாதி இல்லை. ஒரு பக்கத்துக் கிளுவையை வண்டி வைத்துப் பிடுங்கிவிட்டுக் கல்கால் நட்டுக் கம்பி போட்டார்கள், மனை பிரிப்பதற்காக. பிடுங்கிய அன்றைக்கு நான் போயிருந்தேன். வேர் மண்ணோடு குவித்துக் கிடந்தது, ஒரு கீரி அதைச் சுற்றிச் சுற்றி ஓடியது, எந்தப் பக்கம் நுழைவதென்று தெரியாமல். மிச்சமிருக்கும் பக்கத்து வேலி அப்படியே நிற்கிறது. கிளுவைக் குச்சியை ஒடித்து ஈரத்தில் நட்டாலே துளிர்க்கும். போன ஐப்பசி மழையில் நானும் சித்தப்பாவும் கம்பிக்கு இந்தப் பக்கமாக நூத்தி இருபது குச்சி நட்டோம். ஆட்டுக்குத் தப்பியது எழுபதுக்குப் பக்கம் இருக்கும். இப்போது முழங்கால் உயரம்.